பண்டைய பாரசீகரை அவர்கள் கணக்கிலிருந்தே படிப்போம்

ஆசிரியர் அவர்களுக்கு,

மார்ச் மாதம் பாரசீகப் புத்தாண்டான நவ்ரோஸ் நெருங்கினால் வாட்ஸ்அப்பில் ஒரு படம் தவறாமல் வந்துவிடும். வயிறு புடைத்த களிமண் உருளை ஒன்று, அதன் கீழே உலகின் முதல் மனித உரிமைச் சாசனம் இதுதான், அடிமை முறையை ஒழித்தவர் பாரசீக (இன்றைய ஈரான்) மன்னர் சைரஸ்தான் என்று கொட்டை எழுத்தில் ஒரு செய்தி. மற்ற மாதங்களில் பாரசீகர் என்றாலே தெர்மோபிலேயில் ஒரு சிறு கிரேக்கப் படையை நசுக்க வந்த கொடுங்கோலர்கள்தான். முதலாவது அளவுக்கு மிஞ்சிய புகழ்ச்சி. இரண்டாவது எதிரி எழுதிய கதை. இதற்கிடையில் பாரசீக அரசு தன் கைப்பட எழுதிய பதிவுகளும் தோண்டி வைத்த வேலைகளும் ஏராளமாகக் கிடக்கின்றன. நம் சிங்கப்பூர் மாணவர்களுக்குப் பாரசீகரை அறிமுகப்படுத்தும்போது அங்கிருந்து தொடங்கலாமே என்பதற்காக இக்கடிதம்.

உருளையை முதலில் முடித்துவிடுவோம். 1879ல் பாபிலோனில் கிடைத்து, இப்போது லண்டன் பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. ஏறத்தாழ 23 சென்டிமீட்டர் நீளம், 45 வரிகள், பாபிலோனிய மொழி. கி.மு. 539ல் சைரஸ் அந்நகரைப் பிடித்தபின் எழுதப்பட்டது. முந்தைய மன்னன் நபோனிதஸ் வழிபாட்டைக் கெடுத்தான், பாபிலோனின் மர்துக் தெய்வமே சைரஸைத் தேடிப்பிடித்து அரசராக்கியது, அவர் சண்டையின்றி ஊருக்குள் நுழைந்தார், பெயர்த்துக் கொண்டுவந்திருந்த தெய்வத் திருமேனிகளை அந்தந்த ஊருக்கே அனுப்பிவைத்தார், அவ்வூர் மக்களையும் கூட்டிச் சேர்த்தார் என்று போகிறது வாசகம். அடிமை ஒழிப்பு பற்றி ஒரு வரி கிடையாது. யூதர்கள் எருசலேம் திரும்பியதை விவிலியம் சொல்கிறது. உருளையில் அவர்கள் பெயர் இல்லை. சோழர் மெய்க்கீர்த்தி படித்தவர்களுக்கு இந்த எழுத்து வகை பழக்கமானதுதான். வென்றவர் புகழைப் பாடி, கட்டடத்துக்குள் புதைத்து வைத்த மெய்க்கீர்த்தி அது. தோற்றவர்களின் சாமியைப் பறித்து வைத்துக்கொள்ளாமல் திருப்பி அனுப்பிய சாமர்த்தியம் அதில் தெரிகிறது. அதைச் சொன்னாலே போதும். இல்லாததை ஏற்றிச் சொல்லத் தேவையில்லை.

அரசு அன்றாடம் எப்படி நடந்தது என்று தெரிய வேண்டுமானால் பாரசீகத் தலைநகரான பெர்செபோலிஸின் களிமண் ஏடுகளிடம்தான் போக வேண்டும். 1933ல் அரண்மனைக் கோட்டைச் சுவர் அறைகளில் பல்லாயிரம் ஏடுகளும் துண்டுகளுமாகக் கிடைத்தன. கி.மு. 509 முதல் 493 வரை, மன்னர் முதலாம் டேரியஸ் காலத்துக் கணக்கு. பெரும்பாலானவை உள்ளங்கைக்குள் அடங்கிவிடும். முடிச்சிட்ட நூலை நடுவில் வைத்து அதைச் சுற்றி ஈரக் களிமண்ணை நாக்கு வடிவத்தில் பிடிப்பார்கள். ஒரு பக்கம் தட்டையாக இருக்கும். நூல் அந்தப் பக்கத்து மூலைகளில் வெளியே வரும். மண் காயுமுன் எழுத்தாணியை அழுத்தி அழுத்தி ஆப்பெழுத்தில் எழுதி, சரக்கு கொடுத்தவர் முத்திரையையும் வாங்கியவர் முத்திரையையும் உருட்டிவிடுவார்கள். எந்தக் கிடங்கு, என்ன சரக்கு, எவ்வளவு, யாருக்கு, எந்த மாதம், எந்த ஆண்டு. இவ்வளவுதான் ஒரு ரசீது. இப்படிச் சேர்ந்த சில்லறை ரசீதுகளை வைத்துப் பெரிய ஏட்டில் வரவு, செலவு, இருப்பு என்று ஆண்டுக் கணக்கு முடிப்பார்கள்.

அளவுகளையும் பார்க்கலாம். அவர்களுடைய 'கா' என்ற அளவை ஒரு லிட்டருக்குச் சற்றுக் குறைவு. சாதாரண வேலையாளுக்கு மாதம் 30 கா பார்லி, அதாவது நாளுக்கு ஒன்று. பயணத்தில் இருக்கும் அதிகாரிக்கு நாளுக்கு ஒன்றரை கா மாவு, கூட வரும் பணியாளுக்கு ஒரு கா. பிள்ளை பெற்ற பெண்களுக்குத் தனிப்படி உண்டு: ஆண் குழந்தையென்றால் 10 கா ஒயின் அல்லது பீர், பெண் குழந்தையென்றால் 5. பாரபட்சத்தைக்கூட அளந்து எழுதிவைத்த அரசு! அதே கணக்கில், பெண் தொழிலாளர் குழுக்களுக்குத் தலைமை தாங்கிய பெண்கள் மாதம் 50 கா தானியமும் 30 கா ஒயினும் வாங்கியிருக்கிறார்கள். கூட வேலை செய்த ஆண்கள் பலருக்கு அந்த அளவு கிடையாது.

பயணம் போகிறவர் கையில் 'ஹல்மி' என்ற முத்திரைச் சீட்டு இருக்கும். வழி நிலையத்தில் காட்டினால் மாவு கிடைக்கும், நிலையத்தார் ஏட்டில் பதிந்துகொள்வார்கள். இந்தியாவிலிருந்து இன்னொரு தலைநகரான சூசா வரை போனவர்கள் வாங்கிய மாவும் அந்த ஏடுகளில் இருக்கிறது. வெளியூர் வேலைக்குப் போய் வந்து ரசீது ஒட்டிப் படிச்செலவு கேட்கும் நம் அலுவலக வழக்கம் 2,500 ஆண்டுப் பழசு என்று சொன்னால் மாணவர்களுக்குச் சட்டென்று புரியும்.

இந்த ஏடுகளில் இன்னொரு விஷயம் சிங்கப்பூர்க்காரர்களுக்கு வேடிக்கையாக இருக்கும். பாரசீக மன்னரின் கணக்கு பாரசீக மொழியில் இல்லை. பெரும்பாலும் ஈலாம் மொழியில்தான். அந்த வட்டாரத்தில் தலைமுறை தலைமுறையாகக் கணக்கெழுதியவர்கள் ஈலாமியர். பழம்பாரசீகத்தில் எழுதிய கணக்கேடு ஒன்றே ஒன்றுதான் இதுவரை அடையாளம் காணப்பட்டிருக்கிறது. பேரரசு முழுக்கக் கடிதப் போக்குவரத்துக்கு அரமேயம். மன்னர் புகழைப் பாறையில் செதுக்கும்போது பழம்பாரசீகம், ஈலாம், பாபிலோனியம் என மூன்றும் வரிசையாக. நான்கு மொழிப் பலகையைத் தினமும் பார்த்துக்கொண்டு, மலாயில் தேசிய கீதம் பாடி, ஆங்கிலத்தில் அலுவல் நடத்தும் நமக்கு இந்த ஏற்பாடு விளங்காமல் போகாது. அரமேயக் கடிதங்கள் தோலிலும் பாப்பிரசிலும் எழுதப்பட்டதால் பெரும்பாலும் மக்கிவிட்டன. களிமண் நின்றது. ஆகவே நமக்குக் கிடைத்திருப்பது அந்த அரசின் ஒரு வட்டாரத்துச் சாப்பாட்டுக் கணக்கு மட்டும் என்பதையும் மறக்கக்கூடாது.

சூசா அரண்மனையைக் கட்டியபோது டேரியஸ் எழுதிய சாசனமும் கிட்டத்தட்ட ஓர் ஒப்பந்தக்காரர் பட்டியல்தான். தேவதாரு லெபனானிலிருந்து, பொன் சார்டிஸிலிருந்தும் (இன்றைய மேற்குத் துருக்கி) பாக்திரியாவிலிருந்தும் (இன்றைய ஆப்கானிஸ்தான் பக்கம்), வெள்ளியும் கருங்காலியும் எகிப்திலிருந்து, யானைத் தந்தம் எத்தியோப்பியா, இந்தியா, அரக்கோசியாவிலிருந்து. கல் செதுக்கியவர்கள் அயோனியக் கிரேக்கரும் சார்டிஸ்காரர்களும். பொன்வேலை மேதியருக்கும் எகிப்தியருக்கும். செங்கல் அறுத்தவர்கள் பாபிலோனியர். மண்ணும் கல்லும் ஆளும் வெளியிலிருந்தே வந்து கட்டிய ஊரில் இருக்கும் நாம் இந்தப் பட்டியலை வாய்விட்டுப் படித்தாலே போதும், விளக்கம் வேண்டாம். இங்கே எந்தக் கட்டடத்தின் கல்வெட்டிலும் சிமெண்டு குழைத்தவர் ஊர்ப்பெயர் இல்லை என்பது வேறு விஷயம்.

சாலை, நாணயம், கால்வாய் மூன்றையும் வேகமாகச் சொல்லிவிடலாம். சார்டிஸ் முதல் சூசா வரை அரசச் சாலை: கிரேக்க வரலாற்றாசிரியர் ஹெரோடோட்டஸ் கணக்கில் 450 பரசாங் (பாரசீகத் தூர அளவை), 111 நிலையங்கள், நடந்தால் 90 நாள். டேரிக் பொற்காசு 8.4 கிராம், சிராங்கூன் ரோடு நகைக்கடையில் கேட்கும் ஒரு பவுனைவிட அரைக் கிராமுக்குச் சற்றுக் குறைவாகக் கூடுதல். இருபது வெள்ளிக் காசு ஒரு பொற்காசு. நைல் நதியிலிருந்து செங்கடலுக்குக் கால்வாய் வெட்டச் சொன்னேன், வெட்டினார்கள், கப்பல்கள் எகிப்திலிருந்து பாரசீகத்துக்குப் போயின என்று டேரியஸ் எழுதிய கல்வெட்டு சூயஸ் பக்கத்தில் கிடைத்தது. 1869ல் திறந்த சூயஸ் கால்வாயால் செழித்த துறைமுகம் நம்முடையது. அதே எண்ணத்தோடு மண்வெட்டியை எடுத்தவர்களில் அவரும் ஒருவர்.

இனித் தண்ணீர். கொஞ்சம் பொறுமையாகச் சொல்ல வேண்டிய இடம் இதுதான்.

ஈரானின் நடுப் பீடபூமியில் மழை சொற்பம். உருகிய பனிநீர் மலையடிவாரச் சரளை மண்ணுக்குள் இறங்கி ஆழத்தில் கிடக்கும். கிராமமோ பல கிலோமீட்டர் தள்ளித் தாழ்வான இடத்தில். வெயிலில் திறந்த வாய்க்கால் வெட்டினால் பாதி ஆவியாகிவிடும். இறைக்க யந்திரம் கிடையாது. நிலத்தடி நீரை நிலத்துக்கு அடியிலேயே, சாய்வை மட்டும் வைத்து ஊர்வரை ஓடவிடும் சுரங்கக் கால்வாய்தான் கனாத். ஈரானில் 11 கனாத்துகள் 2016ல் யுனெஸ்கோ உலக மரபுடைமைப் பட்டியலில் சேர்ந்தன. அவற்றில் கொனாபாத் கனாத் ஏறத்தாழ 33 கிலோமீட்டர் நீளம். அதன் தாய்க்கிணறு 300 மீட்டருக்கும் மேல் ஆழம்.

தாய்க்கிணறு என்பது நாம் வைத்த பெயரல்ல. பாரசீகத்தில் 'மாதர் சாஹ்' என்றால் அதே பொருள்தான். மலையடிவாரத்தில் சோதனைக் குழி வெட்டி, தண்ணீர் பட்டபின்னும் இன்னும் ஆழப்படுத்தி, சில நாள் இறைத்துப் பார்ப்பார்கள். எங்கோ தேங்கி நின்ற நீரானால் மட்டம் இறங்கிக்கொண்டே போகும். நிஜ ஊற்றானால் ஓரளவோடு நின்றுவிடும். நின்றால்தான் மேற்கொண்டு செலவு செய்வார்கள்.

அடுத்து மட்டம் பார்ப்பது. யஸ்து, கெர்மான் பக்கத்துக் குழிவெட்டிகளிடம் வழிவழியாக வந்த முறை இது. கிணற்றுக்குள் நீரைத் தொடும்வரை கயிறு விட்டு, கிணற்று வாயில் அடையாளம் போடுவார்கள். அந்த நீளம்தான் தரை இறங்க வேண்டிய மொத்த உயரம். ஊரை நோக்கி முப்பது நாற்பது மீட்டர் நடந்து, கோல் நட்டு, மட்டம் பிடித்துத் தரை எவ்வளவு தாழ்ந்திருக்கிறது என்று பார்த்து, அந்த அளவைக் கயிற்றில் கழித்துவிடுவார்கள். அங்கிருந்து அடுத்த முப்பது நாற்பது மீட்டர். இப்படிக் கழித்துக் கழித்துக் கயிறு தீர்ந்துபோகும் இடம் தாய்க்கிணற்று நீர்மட்டத்துக்கு நேர் சமமான தரை. சுரங்க வாய் அதற்குக் கீழே இருந்தால்தான் நீர் ஓடும். எவ்வளவு கீழே என்பதில்தான் தொழில் இருக்கிறது.

நம் கொத்தனார்கள் இதை 'வாட்டம்' என்பார்கள். குளியலறைத் தரை போடும்போது வாட்டம் பார்த்துப் போடு என்று சொல்வதும் இதைத்தான். கனாத்தில் ஆயிரம் மீட்டருக்கு ஒரு மீட்டர் அளவுதான் இறக்கம். நீளம் கூடக் கூட இன்னும் குறையும். பத்துக் கிலோமீட்டர் சுரங்கத்துக்கு மொத்த இறக்கம் பத்து மீட்டர் என்றால், வீவக அடுக்குமாடி வீட்டுக் கட்டடத்தில் மூன்றரை மாடி உயரம். அதைப் பத்துக் கிலோமீட்டருக்குச் சீராகப் பங்கிட வேண்டும். வாட்டம் கூடிப்போனால் நீர் வேகமெடுத்துத் தரையை அரிக்கும், பக்கச் சுவர் கால் இழந்து சரியும். குறைந்துபோனால் வண்டல் படிந்து அடைத்துக்கொள்ளும். வழியில் ஓரிடம் மேடு தட்டினாலும் பின்னால் முழுக்கக் குளமாக நிற்கும். ஒருமுறை பிசகினால், திருத்துவது புதிதாக வெட்டுவதைவிடக் கடினம்.

வெட்டுவது கிணற்றிலிருந்து ஊர்ப்பக்கம் அல்ல; ஊர்ப்பக்க வாயிலிருந்து கிணற்றை நோக்கி, மேல்வாட்டத்தில். அப்போதுதான் வெட்டும்போது கசியும் நீர் ஆளுக்குப் பின்னால் வடிந்து வெளியே போகும். மாற்றி வெட்டினால் வெட்டுகிறவன் தண்ணீரில் நிற்பான். சுரங்கம் ஒன்றரை மீட்டர் உயரம், ஒரு மீட்டருக்குக் குறைந்த அகலம். குனிந்துதான் போக முடியும். 20 முதல் 50 மீட்டருக்கு ஒன்றாக மேலிருந்து செங்குத்துக் குழி இறக்குவார்கள். மண் அள்ளவும் காற்று வரவும் அதுதான் வழி. சுரங்கம் நேராகப் போகிறதா என்று பார்க்க இரண்டு எண்ணெய் விளக்கு: திரும்பிப் பார்க்கையில் ஒன்று மற்றொன்றை மறைத்தால் நேர், விலகித் தெரிந்தால் கோணல். விளக்கு மங்கி அணைந்தால் காற்று கெட்டுவிட்டது. உடனே ஆள் வெளியே வந்து, புதுக் குழி இறக்கியபின் தொடர வேண்டும். அள்ளிய மண்ணைக் குழிவாயைச் சுற்றி வளையமாகக் கொட்டுவார்கள். திடீர் வெள்ளம் குழிக்குள் இறங்கிச் சுரங்கத்தையே அடித்துப் போகாமல் அந்த மேடு காக்கும். விமானத்திலிருந்து பார்த்தால் எறும்புப் புற்று வரிசை மாதிரி தெரிவது அதுதான். மணல் வந்துவிட்டால் கூரை நிற்காது. அங்கே சுட்ட மண் வளையங்களை ஒன்றையொட்டி ஒன்றாக நிறுத்துவார்கள். கீழடியில் உறைக்கிணறு பார்த்தவர்கள் அந்த உறையைப் படுக்கப் போட்டதாக நினைத்துக்கொள்ளலாம். பாரசீக உறை மட்டும் நீள்வட்டம், ஆள் நுழைய வேண்டுமே.

வெட்டி முடித்ததோடு வேலை தீராது. ஆண்டுதோறும் வண்டல் எடுக்க வேண்டும், சரிந்த இடம் கட்ட வேண்டும். ஓடும் நீரை மூட ஒரு திருகும் கிடையாது. குளிர்காலத்தில் தேவையில்லாதபோதும் ஓடிக்கொண்டேதான் இருக்கும். கனாத்தின் பெரிய குறை இது. ஓடுவதைப் பங்கிட, நடுவில் சிறு துளையிட்ட செம்புக் கிண்ணத்தைத் தண்ணீர்ப் பானையில் மிதக்கவிடுவார்கள். கிண்ணம் நிறைந்து மூழ்கினால் ஒரு கணக்கு; இன்ன வயலுக்கு இத்தனை கிண்ணம். முல்லைப்பாட்டில் வரும் குறுநீர்க் கன்னலும் பொழுதை நீரால் அளந்த கருவிதான். அதைக் கவனிக்கும் ஆள் 'மீராப்'. நம் ஏரிப் பாசன ஊர்களில் நீர்க்கட்டி என்போமே, அவரேதான்.

இவ்வளவு செலவை யார் ஏற்பார்கள்? பாலிபியஸ் என்ற கிரேக்க வரலாற்றாசிரியர் விடை சொல்கிறார்: நீரில்லாத நிலத்துக்கு ஊற்றுநீர் கொண்டுவருகிறவர்களுக்கு ஐந்து தலைமுறைக்கு அந்த நிலத்தை அனுபவிக்கும் உரிமையைப் பாரசீக அரசு கொடுத்தது. அரசு தோண்டவில்லை, தோண்டுகிறவன் பேரனின் பேரன் வரை சாப்பிடலாம் என்று உறுதி கொடுத்தது. எகிப்தின் கார்கா பாலைச்சோலையில், பாரசீகர் ஆண்ட கி.மு. ஐந்தாம் நூற்றாண்டைச் சேர்ந்த இத்தகைய சுரங்கங்களும் அவற்றின் நீர்ப்பங்கு எழுதிய ஓட்டுச் சில்லுகளும் கிடைத்திருக்கின்றன. மொரோக்கோ, ஓமான், சீனாவின் துர்ஃபான், இந்தியாவில் பீதார், புர்ஹான்பூர் என்று எங்கெல்லாமோ இத்தகைய சுரங்கங்கள் இருக்கின்றன.

இன்று ஈரானிலேயே பல கனாத்துகள் வறண்டுவிட்டன. காரணம் மர்மமானதல்ல. இருபதாம் நூற்றாண்டில் ஆழ்துளைக் கிணறும் பம்பும் வந்தன. கனாத், நீர்மட்டம் கொடுப்பதை மட்டுமே எடுக்கும். அதற்குக் கீழே அதனால் போக முடியாது. பம்புக்கு அந்தக் கட்டுப்பாடு இல்லை. நீர்மட்டம் தாய்க்கிணற்றின் அடிக்குக் கீழே போனால் 30 கிலோமீட்டர் சுரங்கமும் வெறும் பொந்துதான்.

சிங்கப்பூருக்கு வருவோம். 2008ல் முடிந்த நம் ஆழ்சுரங்கக் கழிவுநீர்க் கட்டமைப்பின் முதல் கட்டம் கிராஞ்சியிலிருந்து சாங்கி வரை 48 கிலோமீட்டர். வழி முழுக்கப் பம்பு இல்லாமல் சாய்வில்தான் ஓடுகிறது. அதனால் தீவெங்கும் இருந்த இறைப்பு நிலையங்களை மூடி நிலத்தை மீட்க முடிந்தது. பொறியாளர் கவலையும் அதே பழைய கவலை: ஓட்டம் மெதுவானால் கசடு படியும். மண் உறைக்குப் பதில் கான்கிரீட் குழாய்க்குள் பிளாஸ்டிக் பூச்சு, கழிவுநீர் வாயு கான்கிரீட்டைத் தின்னாமல் இருக்க. ஒரே வித்தியாசம் முக்கியமானது. ஈரானில் தரையே சரிந்து இறங்கிச் சுரங்கத்தைச் சந்தித்துவிடும், நீர் தானாக வெளிச்சத்துக்கு வரும். நம் தரை தட்டை. சாங்கியில் பல மாடி ஆழத்திலிருந்து பம்பு வைத்து மேலே ஏற்றித்தான் சுத்திகரிக்கிறோம். அங்கே குடிநீர், இங்கே கழிவுநீர் என்று முகம் சுளிப்பவர்கள் நம் மறுசுழற்சிப் புதுநீர் (NEWater) எங்கிருந்து வருகிறது என்பதை நினைத்துக்கொள்ளலாம். பள்ளி மாணவர்களைத் தண்ணீர்த் துறைக் காட்சிக்கூடங்களுக்கு அழைத்துப் போகும் ஆசிரியர்கள் கனாத்தைப் பற்றி ஐந்து நிமிடம் பேசினால் வரலாறும் புவியியலும் ஒன்றாகப் பிடிபடும்.

ஆனால் பாரசீகர் செய்ததெல்லாம் இங்கே நடக்கும் என்று சொல்லக் கூடாது. ஏர்கான் இல்லாமல் பனிக்கட்டி செய்தார்கள், நாமும் செய்யலாம் என்று சிலர் ஆர்வக்கோளாறில் எழுதுகிறார்கள். பனிக்கட்டிக் கிடங்குக்கு 'யக்சால்' என்று பெயர். யக் என்றால் பனிக்கட்டி, சால் என்றால் குழி. கிழக்கு மேற்காக உயர்ந்த மண் சுவர் எழுப்பி, பகலில் அதன் வடக்கு நிழலில் இருக்கும் ஆழமில்லாத குட்டையில் குளிர்கால இரவில் நீரைக் கொஞ்சங்கொஞ்சமாக விடுவார்கள். வறண்ட, மேகமற்ற வானத்துக்கு நீர் தன் வெப்பத்தை இழந்து, காற்று உறைநிலைக்குச் சற்று மேலே இருக்கும்போதும் உறைந்துவிடும். விடியுமுன் உடைத்து, தடித்த மண் கூம்புக்குக் கீழே உள்ள குழியில் வைக்கோல் இட்டு அடுக்குவார்கள். இங்கே வானம் முழுக்க ஈரமும் மேகமும். அவை வெப்பத்தைத் திருப்பி அனுப்பிவிடும். நீரைத் தொட்டுவரும் காற்றால் வீட்டைக் குளிர்விக்கும் காற்றுக்கோபுரமும் அப்படித்தான். ஏற்கெனவே ஈரத்தில் ஊறிய நம் காற்றில் நீர் ஆவியாகாது, வீடு பூஞ்சைதான் பிடிக்கும். இன்று நிற்கும் யக்சால்களும் காற்றுக்கோபுரங்களும் பெரும்பாலும் பிற்காலத்துக் கட்டடங்கள் என்பதையும் படத்தோடு சேர்த்துச் சொல்ல வேண்டும்.

சொற்களிலும் இதே நிதானம் தேவை. சந்தா, சிபாரிசு, தராசு, தஸ்தாவேஜு, தர்கா, பஜார் எல்லாம் பாரசீகம்தான். ஆனால் இவை டேரியஸ் காலத்தில் வந்தவை அல்ல. சுல்தான்கள், முகலாயர், ஆற்காட்டு நவாபு அலுவலகங்கள் வழியாக வந்த பிற்காலப் பாரசீகம். மலாயில் பஜார் 'பாசார்' ஆகி, பாசார் மாலாம் என்ற இரவுச் சந்தையாக நம் புளோக்குக் கீழே வந்து நிற்கிறது. நேராகப் பழங்காலத்துக்குக் கொண்டுபோகும் சொற்கள் சிலவே. பயில்வான் அதில் ஒன்று: பார்த்தியரைக் குறித்த 'பார்தவ' என்ற சொல் 'பஹ்லவ' ஆகி, வீரன் என்று பொருள் மாறி, மலாயில் பஹ்லவான், தமிழில் பயில்வான். (பல்லவரே பஹ்லவர் என்ற பழைய வாதத்துக்குப் பெயர் ஒற்றுமையைத் தவிர வலுவான சான்று இல்லை.) பழைய ஈரானிய மொழியில் 'பைரிதைஸ' என்றால் சுற்றுச் சுவர் எழுப்பிய தோட்டம். கிரேக்கம் வழியாகச் சுற்றி அது தமிழ்க் கிறிஸ்தவர்களின் பரதீசு ஆனது. அரபு வழியாகச் சுற்றித் தமிழ் முஸ்லிம்களின் பிர்தௌஸ் ஆனது. அத்தர் கடையில் ஜன்னத்துல் பிர்தௌஸ் கேட்பவரும், பெரிய வெள்ளியன்று பரதீசு என்ற சொல்லைத் தேவாலயத்தில் கேட்பவரும் ஒரே தோட்டத்தின் பெயரைத்தான் சொல்கிறார்கள்.

எல்லாவற்றிலும் நமக்கு நெருக்கமானது ஒன்று உண்டு. சிந்து என்பதன் முதல் ஒலி பாரசீக நாவில் ஹகரமாகும். ஸப்த என்பது ஹப்த ஆவது போல. டேரியஸ் கல்வெட்டுகளில் சிந்து வெளி 'ஹிந்துஷ்'. அதைக் கேட்ட கிரேக்கர் ஹகரத்தையும் விட்டுவிட்டு இந்தியா ஆக்கினார்கள். நம் அடையாள அட்டையில் இனம் என்ற இடத்தில் இருக்கும் சொல்லும், லிட்டில் இந்தியா எம்ஆர்டி நிலையப் பெயரும் அந்தப் பெயரிலிருந்து வந்தவை. மாறாக, பாரசீகர் பெயரைத் தாங்கிய பார்சி சாலை ஷென்டன் வே பக்கத்தில் இருக்கிறது. அவ்வழி நடக்கும் பலருக்கு அது ஏன் அந்தப் பெயர் என்று தெரியாது. பண்டைய பாரசீகத்தின் ஜொராஸ்டிரிய வழிபாட்டைக் காத்து இந்தியா வந்து, அங்கிருந்து இங்கே வணிகம் செய்ய வந்த சிறு சமூகத்தின் பெயர் அது.

முடிவாக, இதழுக்கு ஒரு சிறிய வேண்டுகோள், எழுத்துக்கூட்டல் பற்றியது. ஒரே மன்னருக்குத் தமிழில் இரண்டு மூன்று பெயர் நடமாடுகிறது. ஆங்கிலப் புத்தகம் வழியாக வந்தால் சைரஸ், டேரியஸ், செர்க்சஸ், ஆர்ட்டக்செர்க்சஸ். எபிரேயம் வழியாகத் தமிழ் விவிலியத்துக்குள் வந்தால் கோரேஸ், தரியு, அகாஸ்வேரு, அர்தசஷ்டா. ஞாயிறு வகுப்பில் அகாஸ்வேருவைப் படித்த பிள்ளை, வரலாற்றுப் பாடத்தில் செர்க்சஸ் வந்ததும் வேறு ஆள் என்று நினைத்துக்கொள்கிறது. அவர்கள் தங்களை அழைத்துக்கொண்ட பெயரோ நமக்கு இரண்டையும்விடக் கிட்டத்தில் இருக்கிறது: குருஷ், தாரயவஉஷ், க்ஷயார்ஷா, அர்தக்ஷஸ. தாரயவஉஷில் சமஸ்கிருதத் தாரணமும் வசுவும் ஒட்டிக்கொண்டிருக்கின்றன. நல்லதைத் தாங்கிப் பிடிப்பவன் என்று பொருள். அர்தக்ஷஸவில் ருதமும் (அறநெறி) க்ஷத்திரமும் (ஆட்சி). ஆகவே பாரசீகம் பற்றிய கட்டுரை வரும்போது, முதல் முறை மட்டும் 'டேரியஸ், விவிலியத்தில் தரியு, அவர் கல்வெட்டில் தாரயவஉஷ்' என்று ஒரு வரியில் கொடுத்துவிட்டு, பிறகு இதழுக்கு வசதியான ஒரே பெயரைக் கட்டுரை முடியும்வரை மாற்றாமல் எழுதும்படி கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
வாசகர் ஒருவர்,
பொத்தோங் பாசிர்